வெள்ளிக்கிழமைக் குளிசை

"மஹரகமவுக்கு அனுப்பியிருக்கினம்" என்று சொன்னாலே யாழ்ப்பாணத்திலும் வவுனியாவிலும் சனத்துக்கு நோய் எதுவென்று விளங்கிவிடும். அங்குள்ள அபேக்ஷா புற்றுநோய் வைத்தியசாலை என்ற பெயரை யாரும் வீட்டில் சொல்வதில்லை.

பிள்ளைகளில் அதிகம் வரும் புற்றுநோய் கடும் லிம்போபிளாஸ்டிக் லுகேமியா என்ற இரத்தப் புற்றுநோய். முதல் நான்கைந்து கிழமைச் சிகிச்சை வாட்டில் நடக்கும். அங்கே காவல் உண்டு. வின்கிறிஸ்டின் என்ற புற்றுநோய் மருந்து நாளத்துக்குள் மட்டும்தான் போக வேண்டும். முள்ளந்தண்டுத் திரவத்துக்குள் போனால் பிள்ளை தப்புவது மிக அரிது. அதனால் அதைச் சிறிய சேலைன் பையில் கலந்து, முதுகு ஊசி போடும் அறைப்பக்கமே கொண்டுபோகாமல், இரண்டு பேராக, பெயரையும் அளவையும் வாசித்துப் பார்த்தபிறகே ஏற்ற வேண்டும்.

மொத்தச் சிகிச்சை 2 முதல் 3 வருடம். அதில் பெரும்பகுதி வீட்டில், அம்மா கையால் கொடுக்கும் குளிசை. அங்கே சரிபார்க்க இரண்டாவது ஆள் இல்லை. இந்தத் துறைக்கு வருகிற இளம் வைத்தியர் முதலில் பழக வேண்டியது இந்த இடத்தைத்தான் என்பது என் உறுதியான எண்ணம்.

18 கிலோ, 110 சென்ரிமீற்றர் உள்ள பிள்ளையை எடுங்கள். உயரத்தை எடையால் பெருக்கி 3600ஆல் வகுத்து வர்க்கமூலம் எடுத்தால் உடற்பரப்பு 0.74 சதுர மீற்றர். அந்தக் குளிசைகளில் தினமும் கொடுக்கும் மெர்காப்டோபியூரின் சதுர மீற்றருக்கு 75 மில்லிகிராம் என்றால் நாளுக்கு 55 சொச்சம். குளிசையோ 50 மில்லிகிராம். ஆகவே கிழமைக் கணக்காகப் பிரிக்க வேண்டும்: ஐந்து நாள் ஒன்று, இரண்டு நாள் ஒன்றரை. மற்றக் குளிசையான மெத்தோட்ரெக்சேட் சதுர மீற்றருக்கு 20 மில்லிகிராம் என்றால் 15 மில்லிகிராம், 2.5 மில்லிகிராம் குளிசையில் ஆறு, கிழமைக்கு ஒரே ஒரு தரம்.

பிழை வருவது இங்கேதான். கிழமைக்கு ஒருக்கால் என்பது நாளுக்கு ஒருக்கால் ஆகிவிடும். அல்லது மருந்தகத்தில் 10 மில்லிகிராம் குளிசை கைமாறி, ஆறு குளிசை 60 மில்லிகிராம் ஆகிவிடும். வாய் முழுக்கப் புண், பிறகு இரத்த அணுக்கள் சரியும். கிளினிக் கொப்பியில் "கிழமைக்கு ஒருமுறை" என்று எழுதினால் போதாது. "வெள்ளிக்கிழமை இரவு, 2.5 மில்லிகிராம் குளிசை ஆறு" என்று தமிழிலேயே எழுதி, "அம்மா, இனி நீங்கள் எனக்குச் சொல்லுங்கோ, எப்ப, எத்தனை?" என்று கேட்க வேண்டும். குளிசைகளை மேசையில் எண்ணி வைக்கச் சொன்னால் இன்னும் நல்லது.

கிருமியை எதிர்க்கும் வெள்ளை அணுவான நியூட்ரோபில் 500க்குக் கீழே விழுந்தால் இரண்டையும் நிறுத்தி, ஏறியபின் தொடங்குவோம். மருந்து வேலை செய்தால் எண்ணிக்கை கொஞ்சம் இறங்க வேண்டும்; அது மாதக்கணக்காக நல்லாயே இருந்தால் சந்தோஷப்பட அவசரப்படக்கூடாது. குளிசை உள்ளே போகிறதா என்று மெதுவாகக் கேட்க வேண்டும். பிள்ளை துப்பியிருக்கலாம். வளர்ந்துமிருக்கலாம், ஆறு மாதத்துக்கு முந்திய எடையில் போட்ட அளவு இன்றைக்குக் காணாது.

காய்ச்சல் வேறு கதை. 38 பாகையைத் தொட்டால் பெனடோல் கொடுத்துக் காத்திருக்கக்கூடாது. வைத்தியசாலை வாசலில் கால்வைத்து ஒரு மணித்தியாலத்துக்குள் அன்ரிபயோட்டிக் ஏற வேண்டும். வவுனியாவிலிருந்து மஹரகமவுக்கு வந்துசேரப் பல மணித்தியாலம். ஆகவே கிட்டிய வைத்தியசாலைக்கு ஒரு கடிதம் எப்போதும் கொப்பிக்குள் இருக்க வேண்டும்: நோயின் பெயர், கடைசியாக மருந்து ஏற்றிய திகதி, கொடுக்கவேண்டிய அன்ரிபயோட்டிக்கும் அளவும், எங்கள் வாட்டின் தொலைபேசி இலக்கம். எடை மாறும்போது அந்தக் கடிதத்தையும் புதிதாக எழுதிக் கொடுங்கள்.