சட்டம் படைத்த ஆள்

பன்னிரண்டு ஆண்டுகள் கம்பெனி செக்ரட்டரியாக வேலை பார்த்தேன். இயக்குநர் குழு கூடும்போது மேசையின் கடைசியில் அமர்ந்து, பேசப்படுவதையெல்லாம் குறித்துக்கொண்டு, அதில் சட்டத்துக்கு வேண்டியதை மட்டும் மினிட்ஸ் புத்தகத்தில் ஏற்றுவது என் தொழில். ‘தி கார்ப்பரேஷன்’ என்ற ஆவணப்படத்தை அந்த நாட்களில் ஓர் இரவு தனியாகப் பார்த்தேன்.

2003-ல் வெளியான அந்தப் படத்தை மார்க் அக்பரும் ஜெனிஃபர் ஆபட்டும் இயக்கினார்கள். எழுதியவர் ஜோயல் பேக்கன்; கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா பல்கலைக்கழகத்துச் சட்டப் பேராசிரியர். நிறுமத்தை, அதாவது கம்பெனியை, சட்டம் ஓர் ஆளாக ஏற்றுக்கொள்கிறது, அது சொத்து வாங்கலாம், வழக்குத் தொடுக்கலாம் என்பது சட்டக் கல்லூரியில் நாங்கள் மனப்பாடம் செய்த பாடம். அப்படியானால் அது எப்பேர்ப்பட்ட ஆள் என்று படம் கேட்கிறது. மனநல மருத்துவர்களின் அறிகுறிப் பட்டியலை வைத்துக்கொண்டு, பிறர் துன்பத்தில் அக்கறையின்மை, குற்றவுணர்வின்மை என்று ஒவ்வொன்றாகச் சரிபார்த்து, மனசாட்சி அற்ற ஆள் என்று முடிக்கிறது. நோய் என்ற அந்த உவமை இன்றளவும் எனக்கு முழுதாக ஒப்பவில்லை. நோய் என்றால் இயல்பு பிறழ்ந்த நிலை, ஆனால் பேக்கன் காட்டுவதோ சட்டமே வகுத்துக் கொடுத்த இயல்பு. காரின் விலையைக் குறைக்கவும் ஆலையை விரிவாக்கவும் எண்ணி, பங்குதாரருக்குச் சிறப்பு ஈவுத்தொகை தர மறுத்த ஹென்றி ஃபோர்டிடம், நிறுமம் நடப்பது முதன்மையாகப் பங்குதாரரின் லாபத்துக்கே என்று மிச்சிகன் உச்ச நீதிமன்றம் 1919-லேயே சொல்லிவிட்டது.

அப்போது நான் இருந்த நிறுவனத்தின் மூத்த இயக்குநர் ஆண்டுதோறும் கோவிலில் அன்னதானம் செய்பவர். என் மகளின் பள்ளிக் கட்டணத்தைக்கூட விசாரிப்பார். ஆலையின் கழிவுநீர்ச் சுத்திகரிப்பு அமைப்பைப் புதுப்பிக்கும் செலவு கூட்டத்துக்கு வந்தபோது, “செய்யாவிட்டால் அபராதம் எவ்வளவு வரும், தம்பி?” என்று மட்டும் கேட்டார். அந்தக் கணக்கை யாரும் கேட்காமலே நான் முந்தைய நாளே போட்டு வைத்திருந்தேன். செலவுக்கு வாங்க வேண்டிய கடனின் வட்டியைவிட அபராதம் குறைவு. “விரிவாக விவாதித்தபின் அடுத்த கூட்டத்துக்கு ஒத்திவைக்கப்பட்டது” என்று எழுதினேன். அந்த விரிவான விவாதம் நான்கு நிமிடம் நடந்தது.

அதனால்தான் படத்தில் தரைவிரிப்பு நிறுவனத் தலைவர் ரே ஆண்டர்சன், பூமியைக் கொள்ளையடித்தவன் என்று தன்னைத்தானே குற்றவாளியாக்கிப் பேசும் இடத்தில் என்னால் எளிதாக உட்கார்ந்திருக்க முடியவில்லை.

2019-ல் அமெரிக்காவின் 181 தலைமை நிர்வாகிகள், இனிப் பங்குதாரரை மட்டுமன்றி ஊழியர், ஊர்மக்கள் நலனையும் பேணுவோம் என்று அறிக்கையில் கையெழுத்திட்டனர். இத்தகைய நல்லபிள்ளைத் தோற்றத்தை நம்பாமல், பேக்கனும் ஆபட்டும் சேர்ந்து இயக்கிய, அந்தப் படத்தின் தொடர்ச்சி 2020-ல் வந்தது. நம் நாட்டு 2013-ஆம் ஆண்டு நிறுமச் சட்டத்தின் 166-ஆம் பிரிவும் ஊழியர், சமூகம், சுற்றுச்சூழல் ஆகியவற்றின் நலனை இயக்குநரின் கடமைக்குள் சேர்த்திருக்கிறது. புதிய இயக்குநர்களுக்கு அதை வாசித்துக் காட்டியவனே நான்தான்.

சுத்திகரிப்பு விவகாரத்தை அடுத்த கூட்டத்தின் நிகழ்ச்சி நிரலில் பதினோராவதாக வைத்தேன். ஒன்பதாவதிலேயே மதிய உணவு வந்துவிட்டது. சென்ற முறை எழுதிய வரியையே எடுத்து, தேதியை மட்டும் மாற்றினேன்.