நான்காவது இழை

கார்த்திகை 28

தீபம். முகப்பில் அகல் ஏற்றிக்கொண்டிருந்த ஆத்தாவிடம் நான் விரும்பும் பெண்ணைப் பற்றிச் சொல்லிவிட்டேன். பெயர் கேட்கவில்லை, படிப்பு கேட்கவில்லை. "எந்தக் கோயில்?" என்றுதான் கேட்டாள். செட்டிநாட்டு நகரத்தார் வீடுகளில் அப்படித்தான். எங்கள் ஒன்பது குலக்கோயிலில் எது என்று தெரிந்தால் பாதிக் கல்யாணம் முடிந்த மாதிரி.

"இரணியூர்."

எண்ணெய்க் கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டாள். நாங்கள் பிள்ளையார்பட்டி. இரண்டு கோயிலாரும் அண்ணன் தம்பி முறை; பெண் கொடுப்பதும் எடுப்பதும் கிடையாது.

கார்த்திகை 30

"தங்கச்சி முறையப்பா" என்றார் அப்பச்சி, என் அப்பா. அவ்வளவுதான். கோபப்பட்டிருந்தால் பதில் வைத்திருந்தேன். சென்னையிலிருந்து பஸ்ஸில் வரும்போதே ஒத்திகை பார்த்த பதில், வீணாயிற்று.

மார்கழி 4

அவள் தொலைபேசியில் யாரையோ "ஆத்தா" என்று அழைத்ததைக் கேட்டுத்தான் முதன்முதலில் போய்ப் பேசினேன். நம் பக்கத்துப் பெண் என்ற சந்தோஷம். வேற்றுச் சாதி என்றால் சண்டை போடவாவது ஓர் இடம் இருந்திருக்கும். இங்கே பேச்சு ஒன்று, பலகாரம் ஒன்று, சடங்கு ஒன்று. அதிகமாக நெருங்கிவிட்டதுதான் குற்றம்!

மார்கழி 11

பெரியப்பச்சி வந்திருந்தார். கல்யாணத்துக்கு இரு வீட்டுக் கோயில்களிலிருந்தும் மாலை வர வேண்டும், வராது, மாலை இல்லையென்றால் புள்ளி இல்லை என்று விரல் மடக்கிச் சொன்னார். புள்ளி என்பது கோயில் கணக்கில் ஒரு தம்பதி. அப்பச்சியைப் பெற்ற ஐயா காலத்தில் இந்த வீட்டு வளவில் பன்னிரண்டு புள்ளி. ஒவ்வொரு புள்ளிக்கும் ஓர் அறை. இன்று பதினோரு அறைகள் பூட்டிக் கிடக்கின்றன. அடுத்த புள்ளி நான்தான். இந்தக் கணக்கெல்லாம் எனக்கு உறைக்காது என்று நினைத்திருந்தேன். இரவு முழுக்கத் தூக்கமில்லை.

மார்கழி 18

நாளை இரவு ரயிலுக்கு டிக்கெட் எடுத்துவிட்டேன். முடியாது என்பதை அவளிடம் நேரில்தான் சொல்ல வேண்டும்.

மார்கழி 19

பிள்ளையார் நோன்பு. பொரி, எள்ளுருண்டை, ஆவாரம்பூ, எல்லாம் வழக்கம்போல. புது வேட்டியிலிருந்து உருவிய 21 நூலைத் திரித்து, மாவில் வைத்து, நெய்யிட்டு ஏற்றிய இழையை அப்பச்சி எடுத்துக் கொடுத்தார். சுடரோடு வாயில் போட்டுக்கொண்டேன். நாக்கு சுடவில்லை, சிறுவயதிலிருந்தே அது ஓர் ஆச்சரியம்.

வீட்டில் மூன்று பேர். தட்டில் இன்னோர் இழை இருந்தது. மாவைப் பிடித்து வைத்தது ஆத்தா, எண்ணிக்கை தவறுகிறவள் அல்ல. யாரும் எதுவும் கேட்கவில்லை. அப்பச்சி அதையே சற்று நேரம் பார்த்தார். பிறகு நெய்க் கிண்ணத்தை அதன் பக்கம் நகர்த்தி வைத்துவிட்டு எழுந்து போனார்.

ரயிலுக்கு இன்னும் இரண்டு மணி நேரம் இருக்கிறது.