சிங்களச் சித்திரக்கதைகள்: வாரம் ஒரு பக்கம்

காமிக்ஸ் என்றதும் நம்மில் முக்கால்வாசிப் பேருக்கு இரும்புக்கை மாயாவிதான் நினைவுக்கு வருவார். 1972-ல் சிவகாசியிலிருந்து முத்து காமிக்ஸ் வந்தபோது முதல் கதையே அவருடையதுதான், அதுவும் பிரிட்டிஷ் காமிக்ஸின் தமிழாக்கம். அதே காலத்தில் இலங்கையில் சிங்கள வாசகர்கள் வாரா வாரம் காத்திருந்து வாங்கியது முற்றிலும் வேறு சரக்கு. காதல், குடும்பச் சண்டை, ஊர்ப் பகை, ஏழைப் பையன், பணக்கார வீட்டுப் பெண் என்று போகும் கதைகள். எழுதியவரும் வரைந்தவரும் உள்ளூர்க்காரர்கள். பக்கத்திலேயே இப்படி ஒரு பெரிய மரபு இருக்க, தமிழ் காமிக்ஸ் ரசிகர்கள் அதைப் பற்றிப் பேசுவதே இல்லை என்பது எனக்கு நிஜமாகவே வருத்தம்.

தொடக்கம் செய்தித்தாளில்தான். 1951-ல் லங்காதீபவில் ஜி. எஸ். பெர்னாண்டோ வரைந்த ‘நீலா’வைத்தான் முதல் சிங்களச் சித்திரக்கதையாகச் சொல்வார்கள். அப்புறம் 1970-களின் தொடக்கத்தில் சதுட, சித்தர என்று சித்திரக்கதைக்காகவே வாரப் பத்திரிகைகள் வந்தன. புத்தக வடிவம் இல்லை, செய்தித்தாள் மாதிரி மடித்த மலிவுக் காகிதம். ஒரு பக்கத்துக்கு ஒரு கதை, ஒவ்வொன்றையும் வேறு வேறு ஓவியர் வரைந்திருப்பார். அந்த ஒரு பக்கத்துக்குள் போன வாரக் கதையையும் நினைவுபடுத்த வேண்டும், இந்த வாரம் ஏதாவது நடக்கவும் வேண்டும், கடைசிக் கட்டத்தில் யாராவது கதவைத் தட்டியோ கடிதத்தைப் பிரித்தோ வாசகரை அடுத்த வாரம் வரை தவிக்க விட வேண்டும். பந்துல ஹரிஸ்சந்திர போன்றவர்களின் பக்கங்களை உற்றுப் பாருங்கள், முகபாவத்துக்கு எவ்வளவு இடம் கொடுத்திருக்கிறார்கள் என்று தெரியும்.

நகைச்சுவைக்குக் கமிலஸ் பெரேரா. அவர் உருவாக்கிய கேலிச்சித்திரப் பாத்திரமான கஜமன் பல தலைமுறைகளைத் தாண்டி, 2023-ல் முப்பரிமாண அனிமேஷன் படமாகத் திரையரங்குக்கே வந்துவிட்டான்.

ஏன் அந்தக் காலத்தில் இவ்வளவு வேகமாக வளர்ந்தது? 1970-க்குப் பிறகு இறக்குமதிக் கட்டுப்பாடு இறுகியது, தொலைக்காட்சியும் இல்லை. வெளியிலிருந்து வருவது குறைந்தால் உள்ளூரில் எழுதுகிறவனுக்கும் வரைகிறவனுக்கும் இடம் கிடைக்கும், அவ்வளவுதான். நம் பக்கத்திலும் இதே கதைதான்: இந்தியச் சஞ்சிகைகள் வருவது தடைப்பட்ட அதே காலத்தில்தான் 1972 முதல் வீரகேசரி நாளிதழின் வெளியீடாக ஈழத்து நாவல்கள் வரிசையாக வந்தன. நமக்கு நாவல் கிடைத்தது, அவர்களுக்குச் சித்திரக்கதை கிடைத்தது.

படித்தவர்கள் இதை மதிக்கவில்லை, பிள்ளைகள் கெட்டுப்போவார்கள் என்ற பேச்சும் இருந்தது. என்னால் அதை ஏற்க முடியவில்லை. நாவலைத் தொடவே தொடாத எத்தனையோ பேரை வாரம் தவறாமல் வாசிக்க வைத்தது இந்தப் பத்திரிகைகள்தான். மிகை நடிப்புப் போன்ற கதைகள் நிறைய இருந்தன, சரி. வாரத் தொடர்கதை எந்த மொழியில் அப்படி இல்லை?

1979-ல் தொலைக்காட்சி வந்தது, 1982-ல் அரசுத் தொலைக்காட்சியான ரூபவாஹினி. கண்ணீரும் திருப்பமும் வீட்டுக்குள்ளேயே ஓடத் தொடங்கிய பிறகு, அடுத்த வாரப் பக்கத்துக்காகக் காத்திருந்த கூட்டம் மெல்லக் கலைந்தது. நல்ல கதைகள் சில பிறகு புத்தகமாக வந்தன, ஆனால் பெரும்பாலானவை எடைக்குப் போய்ச் சாமான் சுற்றும் தாளாகிவிட்டன. மிச்சம் இருப்பதில் கொஞ்சத்தை ரசிகர்கள் தங்கள் செலவில் ஸ்கேன் செய்து வைத்திருக்கிறார்கள், அவர்களுக்குப் பெரிய நன்றி. கொழும்பில் மருதானைப் பக்கம் பழைய புத்தகக் கடைகளுக்குப் போகிறவர்கள் அடுத்த முறை இந்தத் தாள்களையும் கேட்டுப் பாருங்கள். சிங்களம் வாசிக்கத் தெரிந்தவர்கள் ஒரே ஒரு தொடரையாவது தமிழுக்குக் கொண்டு வந்தால் முதல் பிரதியை நான் வாங்குகிறேன்.