மார்கழியில் மண்டபம் கிடையாது

டிசம்பர் 12
கோவை காந்திபுரம் டவுன் பஸ் ஸ்டாண்டு பக்கம் ராத்திரி இட்லிக்கடை போடுகிறேன். அங்கேயே படுக்கிற பசங்களில் ஒருவனுக்கு 19 வயது, கேட்டரிங்கில் பந்தி பரிமாறுகிறவன். "இந்த மாசத்துக் கல்யாணம் முடிஞ்சுதுங்க்கா" என்று வெள்ளைச் சட்டையைத் துவைத்து என் வண்டிக் கம்பியில் காயப்போட்டான்.

டிசம்பர் 18
மார்கழி பிறந்துவிட்டது, இனி முகூர்த்தம் இல்லை. எனக்கு இத்தனை நாள் உறைக்கவே இல்லை. முகூர்த்தம் என்றால் அவனுக்குக் கூலி மட்டுமா, பந்தி முடிந்ததும் வயிறாரச் சோறு, முதல் நாள் ராத்திரி மண்டபத்துச் சமையல்கட்டோரம் படுக்கை. குளிர்கிற மாதத்தில் மூன்றும் சேர்ந்து போய்விடுகிறது. பூ மார்க்கெட்டுச் சாக்கை விரித்து, செருப்பைத் தலைக்கு வைத்து, பையைக் காலில் கட்டிக்கொண்டு படுக்கிறான். மூன்று மணிக்கு ரோந்து வந்து எழுப்பிவிட்டால் விடிகிற வரை நடைதான். அம்மா உணவகத்தில் ஒரு ரூபாய் இட்லி இருக்கிறது, பசியைச் சமாளித்துவிடலாம். தூக்கத்துக்கு எங்கே போவான்?

டிசம்பர் 23
பள்ளிக்கூடப் பையோடு ஒரு சின்னப் பையன், 12 வயதிருக்கும், பஸ்ஸை விட்டு இறங்கி அப்படியே நின்றான். முதலில் பார்த்தது நம்ம கேட்டரிங் பையன்தான். "அக்கா, குழந்தைங்க உதவி நம்பர் 1098க்குப் போன் போடுங்க, யாராச்சும் கூட்டிட்டுப் போயிருவாங்க" என்று பதறினான். ஆள் வரும்வரை அந்தக் குழந்தையைத் தன் சாக்கில் உட்கார வைத்து, இரண்டு இட்லி வாங்கிக் கொடுத்து (காசும் கொடுத்தான், நான் வாங்கவில்லை), பக்கத்தை விட்டு அசையவில்லை.

ஜனவரி 3
இன்றுதான் சொன்னான், அவனும் ஒரு குழந்தைகள் இல்லத்தில் வளர்ந்தவனாம். 18 முடிந்ததும் பெட்டியைக் கையில் கொடுத்துவிட்டார்கள். 2015ஆம் வருஷச் சிறார் நீதிச் சட்டத்தில் 21 வயது வரை பின்பராமரிப்பு, அதாவது இல்லத்தை விட்டு வந்த பிறகும் உதவி, உண்டு. அதை அவனிடம் ஒருத்தரும் சொல்லவில்லை! எனக்கு வயிறு எரிகிறது. சரி, குழந்தைகள் பாதுகாப்பு அலுவலகத்துக்கு மனு எழுதியாச்சு, திங்கட்கிழமை நானே கூடப் போகிறேன்.

ஜனவரி 24
மனுவுக்குப் பதில் இன்னும் வரவில்லை, அடுத்த வாரம் மறுபடி போக வேண்டும். ஆனால் தை முகூர்த்தம் தொடங்கிவிட்டது. மத்தியானம் வந்தான், முகமே தெளிந்திருந்தது. "மண்டபத்துல ஒம்பது மணி வரைக்கும் தூங்கிட்டேனுங்க்கா, ஒருத்தரும் எழுப்பல."