நொடிக்கு முந்தைய முக்கால் மாத்திரை

கதைகளில் வரும் மந்திரவாதிகள் கையை அசைப்பது பெரும்பாலும் அலங்காரத்துக்காகவே இருக்கிறது என்பது என் நெடுநாள் குறை. காற்றில் ஏதோ ஒரு கோலம் போடுகிறார்கள், ஒளி பிறக்கிறது, எதிரி விழுகிறான். அந்தக் கோலத்தைச் சற்று மாற்றிப் போட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று கேட்டால் எழுதியவரிடமே விடை இருக்காது. மலேசியாவின் பினாங்கைக் களமாக வைத்து நான் எழுதிவரும் மாயக்கதையில் கையசைவே காலத்தை அளக்க வேண்டும், அளந்த காலத்துக்குக் கணக்கும் இருக்க வேண்டும் என்று முடிவுசெய்தேன். அதற்கான அடிப்படை நம் எழுத்திலக்கணத்திலேயே கிடந்தது.

எழுத்தொலியின் கால அளவான மாத்திரைக்குக் கண்ணிமையையும், விரலைச் சொடுக்கும் கைநொடியையும் அளவாகத் தொல்காப்பியம் சொல்வது தமிழ் இலக்கணம் படித்தவர்களுக்கு நினைவிருக்கும். அதைவிடச் சுவையானது, ஒரு நொடியையே நான்காகப் பகுக்கும் பழைய சூத்திரம்: ‘உன்னல் காலே ஊன்றல் அரையே முறுக்கல் முக்கால் விடுத்தல் ஒன்றே.’ நொடிக்க நினைப்பது கால் மாத்திரை, கட்டைவிரலின்மீது நடுவிரலை ஊன்றும்போது அரை, இரண்டையும் அழுத்தி முறுக்கும்போது முக்கால், விடுக்கும்போது ஒன்று. ஓசை எழுவதற்கு முன்பே முக்கால் பங்கு கழிந்துவிடுகிறது என்ற இந்தக் கணக்கின்மீதுதான் என் மந்திரம் முழுவதும் நிற்கிறது.

என் கதையின் நொடியர்கள் விரலை முறுக்கிய நிலையில் நிறுத்திவிடக் கற்றவர்கள். விடுக்காதவரை அந்த மாத்திரை முடிவதில்லை. மாத்திரை முடியாதவரை அவர்களைச் சுற்றியுள்ள உலகம் நகர்வதில்லை. ஆனால் இது இனாம் அன்று, கடன். நிறுத்திவைத்த பொழுது எவ்வளவோ அவ்வளவையும் மறுநாள் அதே வேளையில் நின்ற இடத்தில் நின்று, கண்கூட இமைக்காமல், திருப்பிக் கட்ட வேண்டும். நேற்று ஒரு நாழிகையை எடுத்தவர் இன்று பட்டர்வொர்த் போகும் ஃபெரியில் இருபத்து நான்கு நிமிடம் சிலையாக நிற்பார் என்பது எதிரிக்குத் தெரிந்துவிட்டால் போதும். கத்தியும் வேண்டாம், மந்திரமும் வேண்டாம்.

எவ்வளவு எடுத்தோம் என்பதை எப்படி அறிவது? உலகமே நிற்கும்போது கடிகாரமும் நின்றுவிடுமே. ஆகவே வலக்கை முறுக்கிப் பிடித்திருக்க, இடக்கை தொடையில் ஆதி தாளம் போட்டுக்கொண்டே இருக்க வேண்டும்: ஓர் அடி, பிறகு சுண்டுவிரல், மோதிரவிரல், நடுவிரல், அதன்பின் அடியும் வீச்சும் இருமுறை. எட்டு எண்ணிக்கை கொண்ட ஓர் ஆவர்த்தனம் முடிந்தால் கடன் ஒரு படி ஏறும். தாளம் தவறியவர் தன் கடனின் அளவை அறியாதவர் ஆகிறார். நாளை எப்போது விடுபடுவோம் என்று தெரியாமல் உறைந்து நிற்பதைவிடப் பெரிய தண்டனையை என்னால் கற்பனை செய்ய முடியவில்லை. (சங்கீதம் படிக்கும் பிள்ளைகள் இதைப் படித்தாவது வீட்டில் தாளப் பயிற்சி செய்வார்களாக.)

விரல் நொடிப்பதைப் பற்றி 2021இல் வெளியான ஓர் ஆய்வும் கைகொடுத்தது. விடுபட்ட நடுவிரல் ஏறக்குறைய ஏழு மில்லி விநாடியில் பாய்ந்து உள்ளங்கையைத் தாக்குகிறது. கண் இமைப்பதற்கு அதைப்போல் இருபது மடங்குக்கும் மேல் ஆகிறது. தோலின் உராய்வு அளவோடு இருந்தால்தான் இந்த வேகம் கிடைக்கும், குறைந்தாலும் மிகுந்தாலும் நொடி கெடும் என்பதையும் அந்த ஆய்வு காட்டியது. ஆகவே எண்ணெய்க் கையால் என் மந்திரம் பலிக்காது. பினாங்கின் புழுக்கத்தில் உள்ளங்கை எப்போதும் பிசுபிசுக்கும் என்பதால், நொடியர்கள் சட்டைப் பையில் பவுடர் டப்பாவோடு திரிகிறார்கள். மாயக்கதைக்கு இது பொருந்தாத அற்பத்தனம் என்று முதல் அத்தியாயங்களைப் படித்த நண்பர் சொன்னார். மந்திரக்கோலுக்கு இருக்கும் மரியாதை பவுடருக்கு ஏன் இல்லை என்று எனக்குப் புரியவில்லை.

களம் பினாங்கு என்பதற்கு மணிக்கூண்டு மட்டும் காரணம் அன்று. விக்டோரியா அரசியின் ஆட்சி ஆண்டுகளுக்கு ஆண்டுக்கொரு அடியாக அறுபதடி எழுந்து, போர்க்காலக் குண்டுவீச்சில் சற்றே சாய்ந்ததாகச் சொல்லப்படும் அந்தக் கூண்டு எந்தக் கதாசிரியரையும் இழுக்கும். எனக்கு முக்கியமானது இந்நிலத்தின் கடிகாரங்கள் பட்ட பாடு. ஜப்பானியர் ஆண்டபோது மலாயாவின் நேரத்தைத் தோக்கியோ நேரத்தோடு சேர்க்க ஒன்றரை மணி முன்னே தள்ளினார்கள். அதாவது மூன்றேமுக்கால் நாழிகை, ஒரு ராகுகாலத்தின் அளவு. 1945இல் அது திரும்பி வந்துவிட்டது, கடன் தீர்ந்தது. ஆனால் 1981 டிசம்பர் 31 அன்று இரவு பதினொன்றரை மணிக்கே நள்ளிரவு என்று அறிவித்து முன்னே தள்ளிய அரை மணி நேரம், ஒன்றேகால் நாழிகை, இன்றுவரை திரும்பவில்லை.

தீவகற்பத்தில் அன்று இருந்த அத்தனை பேரிடமிருந்தும் எடுக்கப்பட்ட அந்த அரை மணியை யாரோ முறுக்கிய விரலில் பிடித்து வைத்திருக்கிறார் என்பதுதான் கதையின் முடிச்சு. அவரை எதிர்ப்பவர் அந்த இழப்புக்கு ஆளாகாத மண்ணில் பிறந்தவராக இருந்தால்தான் அவருடைய பிடி செல்லாது. கடலுக்கு அப்பால் போர்னியோவில் உள்ள மலேசிய மாநிலங்களான சபாவும் சரவாக்கும் ஏற்கெனவே அந்தப் புதிய நேரத்தில்தான் இருந்தன. ஆகவே பினாங்கின் தண்ணீர்மலை அடிவாரத்தில் வளர்ந்தவளாக நான் எழுதியிருந்த கதாநாயகியை, இப்போது சரவாக்கின் கூச்சிங்கில் பிறந்து வேலைக்காகப் பினாங்கு வந்தவளாக மாற்றி எழுதிக்கொண்டிருக்கிறேன்.