அன்ரி வெட்டச் சொன்ன காட்சி

14 நிமிட ஆவணப்படம் ஒன்றை முடிக்க எங்களுக்கு எட்டு மாதம் பிடித்தது. இதே வேலையில் இறங்க நினைக்கிற யாருக்காவது உதவட்டும் என்றுதான் எழுதுகிறேன்.

போர் முடிந்த 2009 மே மாதம் முல்லைத்தீவு வட்டுவாகலில் மகனைத் தன் கையாலேயே இராணுவத்திடம் ஒப்படைத்து, இன்னும் அவனைத் தேடுகிற ஒரு தாயைப் பற்றிய படம் அது. நாங்கள் அன்ரி என்று கூப்பிடுகிற அவர் இப்போது யாழ்ப்பாணத்தில் மகளோடு இருக்கிறார். முதல் மூன்று தடவையும் கமெரா கொண்டுபோகவில்லை, விறாந்தையில் இருந்து தேத்தண்ணி குடித்துக் கதைத்துவிட்டு வந்தோம். 2010 இலிருந்து அரசின் விசாரணை ஆணைக்குழு மாறி ஆணைக்குழு என்று இதே கதையைச் சொல்லிச் சொல்லிக் களைத்தவர் அவர். எங்களிடமும் எடுத்தவுடனேயே அழ வேண்டும் என்று எந்தக் கட்டாயமும் இல்லை. சம்மதப் பத்திரத்தை வாசித்துக் காட்டினோம், கையெழுத்து வைத்த பிறகும் வேண்டாம் என்று சொல்லலாம் என்பதை ஒவ்வொரு முறையும் திரும்பச் சொன்னோம்.

படப்பிடிப்பு நாள் நல்ல வெயில், ஒலிப்பதிவுக்காக மின்விசிறியை நிறுத்த வேண்டியிருந்தது. அன்ரி மகனின் லமினேட் செய்த படத்தைச் சேலைத் தலைப்பால் துடைத்துக்கொண்டே கதைத்தார், அந்த உரசல் சத்தம் மைக்கில் அப்படியே விழுந்துவிட்டது. நான் அதை நீக்கவில்லை. அன்றிரவே இரண்டு ஹார்ட் டிஸ்கில் பிரதி எடுத்து, ஒன்றை வேறு வீட்டில் வைத்தோம், கோப்பு எதிலும் அவருடைய பெயர் இல்லை.

வெட்டித் தொகுத்ததை முதலில் அவருக்குத்தான் காட்டினோம். தொடக்கத்திலேயே 'காணாமல் போன' என்று எழுத்து வந்ததும் நிறுத்தச் சொல்லிவிட்டார்.

"காணாமல் போறதுக்கு அவன் என்ன வழி தெரியாத பிள்ளையே? நான்தானே கையில குடுத்தனான்."

தானாகப் போகவில்லை என்பதற்காக, பிள்ளைகளைத் தேடி 2017 பெப்ரவரி 20 கிளிநொச்சியில் தொடங்கிய போராட்டத்தில் தாய்மார் 'காணாமல் ஆக்கப்பட்டோர்' என்று சொல்லிச் சொல்லி நிலைநிறுத்திய சொல் இருக்கிறது, அதையே தவறவிட்டோம். உடனே திருத்தினோம்.

அப்புறம், பின்னேர வெளிச்சத்தில் மகள் சைக்கிளோடு படலைக்குள் நுழைகிற காட்சி. படத்திலேயே எனக்குப் பிடித்தது அதுதான். "அதை எடுத்துவிடு பிள்ளை, இந்தப் படலை ஊரில எல்லாருக்கும் தெரியும்" என்றார். நாங்கள் இரண்டாம் முறை வந்துபோன பிறகு, சிவில் உடையில் இரண்டு பேர் வந்து யார் வந்தது என்று விசாரித்ததையும் அப்போதுதான் சொன்னார். முகத்தை மங்கலாக்கினாலும் படலை காட்டிக்கொடுத்துவிடும். அந்த ஆபத்தை நாங்கள் அல்லவா முதலில் கண்டிருக்க வேண்டும்? அன்றே வெட்டினேன், மூலப்பதிவையும் அழித்தேன்.

கடைசியாக ஒன்று கேட்டார். "அவன்ர படத்தை இன்னும் கொஞ்ச நேரம் விடுங்கோ, எங்கயாவது கண்ட ஆக்கள் இருந்தால் சொல்லுவினம்."

நாலு செக்கன் இருந்ததைப் பன்னிரண்டாக்கினோம்.