ரிட் அப்பீலை வாபஸ் வாங்கினோம், வழக்கை விடவில்லை

பூம்பாறையில் "கேஸை விட்டுட்டாங்களாமே" என்று ஒரு பேச்சு ஓடுகிறது. அம்மாவிடமே நேரில் கேட்டிருக்கிறார்கள். விடவில்லை. உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் போட்டிருந்த ரிட் அப்பீலை, அதாவது ரிட் மனுவில் வந்த உத்தரவுக்கு எதிரான மேல்முறையீட்டை மட்டும்தான் வாபஸ் வாங்கினோம்.

அப்பா கிரயம் வாங்கிய பூண்டுத் தோட்டத்தின் பட்டா, அவர் போன பிறகு பெரியப்பா மகன் பெயருக்கு மாறிவிட்டது. எங்களுக்கு நோட்டீஸ்கூட வரவில்லை. பட்டாவை மாற்றிய அந்த உத்தரவை ரத்து செய்யக் கேட்டு உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டோம். 1983-ஆம் வருடத்துப் பட்டா பாஸ்புக் சட்டத்தின் 12-வது பிரிவில் ஆர்.டி.ஓ.விடம் (வருவாய்க் கோட்டாட்சியர்) மேல்முறையீடு செய்ய வழி இருக்கிறது, அங்கே போங்கள் என்று தனி நீதிபதி தள்ளுபடி செய்தார். அதோடு நின்றிருந்தால் சரி. பத்திரத்தில் நான்கெல்லை தெளிவாக இல்லை என்றும் ஒரு வரி இருந்தது. அந்த ஒரு வரிக்காகத்தான் இரண்டு நீதிபதிகள் உட்காரும் டிவிஷன் பெஞ்சுக்கு அப்பீல் போனோம்.

அப்பீல் விசாரணைக்கு வரும் நேரத்தில் வக்கீல் அம்மாவை உட்காரவைத்துச் சொன்னார்: "சொத்து யாருதுன்னு ரிட்டுல முடிவு பண்ண மாட்டாங்கம்மா. சாட்சி விசாரிக்கணும், அது சிவில் கோர்ட்டு வேலை. இங்கேயும் தள்ளுபடி ஆச்சுன்னா அந்த வரி இன்னும் கெட்டியாயிடும்."

"அப்போ நாமே தோத்துட்டோம்னு எழுதிக் கொடுக்கிற மாதிரி ஆகாதா தம்பி?"

"வெறுமனே வாபஸ்னு சொன்னாத்தான் அந்தச் சங்கடம். நாம அனுமதி கேட்டு வாங்குவோம்."

கேஸ் கட்டின் மேலட்டையில் அவர் கைப்பட எழுதியதைப் பக்கத்தில் இருந்து பார்த்தேன். மொத்தமே மூன்று வரி. மேல்முறையீட்டைத் திரும்பப் பெறுகிறோம். ஆர்.டி.ஓ.விடமோ உரிமையியல் நீதிமன்றத்திலோ பரிகாரம் தேட உரிமை வேண்டும். ரிட் உத்தரவில் உள்ள கருத்துகள் அங்கே எங்களைப் பாதிக்கக் கூடாது. நீதிபதிகள் எதிர்த்தரப்பைக் கேட்டுவிட்டு, இந்த மூன்றையும் உத்தரவில் சேர்த்தார்கள். எனக்கு அந்த மூன்றாவதுதான் உயிர்.

இரண்டாவது வரியும் சும்மா இல்லை. அனுமதி வாங்காமல் ரிட்டை வாபஸ் வாங்கினால், அதே விஷயத்துக்கு உயர் நீதிமன்றத்தில் மறுபடி ரிட் போட முடியாது என்று சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கில் 1986-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. சிவில் வழக்குப் போடுவதை அந்தத் தீர்ப்பு தடுக்கவில்லை. ஆனாலும் எழுத்தில் இருந்துவிட்டால், எதிர்த்தரப்பு அதை வைத்து இழுத்தடிக்க இடமில்லை. இதே நிலையில் இருப்பவர்கள் உத்தரவு நகல் கைக்கு வந்ததும் அந்த வரி இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். கோர்ட்டில் வாயால் கேட்டது போதாது.

இன்னொன்று, காலக்கெடு. அனுமதி கிடைத்ததால் கெடு தானாக நீளாது. சொத்து எங்களுடையது என்று கோர்ட்டை அறிவிக்கச் சொல்லும் உரிமை விளம்புகைக்கு, வழக்குப் போடும் உரிமை எழுந்த நாளிலிருந்து மூன்று வருடம்தான். ரிட்டில் போன காலத்தைக் கழிக்கச் சொல்லி, காலவரையறைச் சட்டத்தின் 14-வது பிரிவில் கேட்கலாம். கேட்டதும் கிடைத்துவிடும் என்று நம்பி உட்கார்ந்திருக்க முடியாது. எங்களுக்கு நாள் இன்னும் கையில் இருக்கிறது.

பட்டாவுக்கு ஆர்.டி.ஓ.விடம் மனு தயார். கொடைக்கானல் முன்சீப் கோர்ட்டில் போட வேண்டிய பிராதும் (வழக்கு மனு) பாதி எழுதியாகிவிட்டது. நான்கெல்லைக்கு சர்வேயரை வைத்து ஸ்கெட்ச் எடுக்க வேண்டும். பூண்டு பிடுங்குவதற்குள் இடைக்காலத் தடை வாங்கிவிட வேண்டும் என்பது அம்மாவின் கணக்கு.